ஹீட்டிங் செலவைக் குறைக்க எதில் பணம் போடுவது? செட்டிங், இன்சுலேஷன், புது பாய்லர், ஹீட் பம்ப்: ஓர் ஒப்பீடு

குளிர்கால பில் கைக்கு வந்ததும் பலர் கேட்கிற கேள்வி இதுதான்: "பழைய பாய்லரைத் தூக்கிப் போட்டுவிட்டு ஹீட் பம்ப் வைத்துவிடலாமா?" பாய்லர் எரிபொருளை எரித்துத் தண்ணீரைச் சூடாக்கி, அறைகளில் இருக்கும் ரேடியேட்டர்களுக்கு அனுப்புகிறது; ஹீட் பம்ப் மின்சாரத்தில் ஓடி வெளிக்காற்றின் சூட்டை வீட்டுக்குள் கொண்டு வருகிறது. ஹீட் பம்ப் விற்பவரிடம் கேட்டால் உடனே வையுங்கள் என்பார். பாய்லர் சர்வீஸ் செய்பவரிடம் கேட்டால் வேண்டவே வேண்டாம் என்பார். ஜன்னல் போடுபவர் முதலில் ஜன்னலை மாற்றுங்கள் என்பார். மூவரும் பொய் சொல்வதாக நான் நினைக்கவில்லை. ஆளுக்கொரு வீட்டை மனதில் வைத்துப் பேசுகிறார்கள். அது உங்கள் வீடாக இருக்க வேண்டும் என்று கட்டாயம் இல்லை.

எந்த இயந்திரம் நல்லது என்று பார்ப்பதற்கு முன்னால் இரண்டு எண்கள் கையில் இருக்க வேண்டும். வெளியே ஒரு டிகிரி குளிர்ந்தால் உங்கள் வீடு எத்தனை வாட் கூடுதலாகக் கேட்கிறது என்பது ஒன்று. மின்சாரம் உங்கள் எரிபொருளைவிட எத்தனை மடங்கு விலை என்பது மற்றொன்று. இரண்டுமே பழைய பில்களிலும் மீட்டரிலும் இருக்கின்றன. இவை தெரியாமல் எடுக்கிற முடிவு பெரும்பாலும் விற்பவருடைய முடிவாகத்தான் இருக்கும்.

## எதை வைத்து எடை போடுவது

ஒவ்வொரு வழியையும் நான் இவற்றை வைத்துப் பார்க்கிறேன்:

- வருடத்துக்கு எத்தனை யூனிட் மிச்சமாகும்? பணமாக அல்ல, முதலில் யூனிட்டாக. விலை மாறும், யூனிட் மாறாது.
- அறைக்குள் வந்து சேர்கிற ஒரு யூனிட் சூட்டுக்கு என்ன விலை கொடுக்கிறோம்?
- முதலில் எவ்வளவு போட வேண்டும், அது எத்தனை வருடத்தில் திரும்பும்? அதுவரை அந்த வீட்டில் இருப்பீர்களா?
- விலைப்பட்டியலில் இல்லாத செலவுகள் எவை? பராமரிப்பு, இடம், சுவரை உடைத்துப் பூசுவது, ஈரம், சத்தம்.
- நடுக்கும் குளிர்நாளில் வீடு சூடாக இருக்குமா? செலவு குறைந்து, ஸ்வெட்டரோடு தூங்க வேண்டி வந்தால் அதற்குப் பெயர் சிக்கனம் அல்ல.

## முதலில் உங்கள் வீட்டின் எண்

எல்லா எரிபொருளையும் ஒரே அளவுக்குக் கொண்டு வருவோம். மின்சார பில்லில் யூனிட் என்று சொல்கிறோமே, அந்த ஒரு கிலோவாட் மணிதான் அளவு. ஒரு கன மீட்டர் இயற்கை எரிவாயுவில் ஏறக்குறைய 10.5 முதல் 11 யூனிட் சூடு இருக்கிறது. ஒரு லிட்டர் ஹீட்டிங் ஆயிலில் சுமார் 10, ஒரு லிட்டர் எல்.பி.ஜி.யில் சுமார் 7, ஒரு கிலோ மரத்தூள் பெல்லட்டில் ஐந்துக்குச் சற்றுக் குறைவு, நன்றாகக் காய்ந்த ஒரு கிலோ விறகில் சுமார் 4. தெர்ம் கணக்கில் பில் வருகிற இடங்களில் ஒரு தெர்முக்கு 29.3 யூனிட்.

இப்போது ஒரு வீட்டை எடுத்துக்கொள்வோம். வருடத்துக்கு 18,000 யூனிட் கேஸ் எரிகிறது. ஹீட்டிங் ஓடாத கோடை மாதங்களில் மாதத்துக்கு 325 யூனிட் ஆகிறது. இது குளிக்கிற வெந்நீரும் சமையலும். பன்னிரண்டு மாதத்துக்கு அது 3,900. கழித்தால் ஹீட்டிங்குக்குப் போனது 14,100. பாய்லர் 85 சதவீதத் திறனில் ஓடுகிறது என்று வைத்தால், அறைகளுக்கு வந்து சேர்ந்தது கிட்டத்தட்ட 12,000 யூனிட். மீதி புகைபோக்கி வழியாகப் போய்விட்டது.

அடுத்து டிகிரி நாள். ஒரு நாளின் சராசரி வெளிக்குளிர் ஓர் அடிப்படை அளவுக்கு எத்தனை டிகிரி கீழே போனது என்று பார்த்து, சீசன் முழுவதும் கூட்டினால் வருவது இது. அடிப்படை அளவு பிரிட்டனில் 15.5 டிகிரி, கனடாவில் 18. இதற்கான பட்டியல்கள் வானிலைப் பதிவுகளிலிருந்து இலவசமாகக் கிடைக்கும். அறையை 20 டிகிரியில் வைத்திருந்தாலும் 16ஐ ஒட்டிய அடிப்படை போதுமானதாக இருப்பதற்குக் காரணம் உண்டு: ஆட்கள், ஃப்ரிட்ஜ், அடுப்பு, ஜன்னல் வழி வரும் வெயில் எல்லாம் சேர்ந்து மீதி மூன்று நான்கு டிகிரியைப் பார்த்துக்கொள்கின்றன.

நம் வீடு இருக்கும் ஊரில் 250 நாள் குளிர், நாளுக்குச் சராசரி 10 டிகிரி என்றால் 2,500 டிகிரி நாள். அதை 24ஆல் பெருக்கினால் 60,000 டிகிரி மணி. 12,000 யூனிட்டை, அதாவது 1.2 கோடி வாட் மணியை, அதால் வகுத்தால் டிகிரிக்கு 200 வாட். இதுதான் வீட்டின் எண்.

இதைச் சரிபார்க்க ஒரு வழி இருக்கிறது, எனக்கு மிகவும் பிடித்த வழியும் அதுதான். வெயிலே இல்லாத ஒரு குளிர்நாளில் மீட்டரைப் பாருங்கள், சரியாக 24 மணி நேரம் கழித்து மறுபடியும் பாருங்கள். வெளியே சராசரி 2 டிகிரி, உள்ளே 20. ஓடியது 92 யூனிட் என்று வைப்போம். வெந்நீருக்கு 10 போனால் 82. பாய்லர் திறனால் பெருக்கினால் 70. 24 மணி நேரத்தால் வகுத்தால் 2.9 கிலோவாட். ஆட்களும் சாதனங்களும் தருகிற 0.7 கிலோவாட்டைச் சேர்த்தால் 3.6. அதை 18 டிகிரி வித்தியாசத்தால் வகுத்தால் மறுபடியும் 200. இரண்டு கணக்கும் ஒத்துப்போனால் எண்ணை நம்பலாம். ரொம்ப விலகினால் பாய்லரின் திறன் நீங்கள் நினைத்ததுபோல் இல்லை, அல்லது யாரோ ஓர் அறையில் ஜன்னலைத் திறந்து வைத்திருக்கிறார்கள்.

இந்த எண் கிடைத்ததும் இரண்டு விஷயம் வெளிச்சமாகும். வெளியே மைனஸ் 3 டிகிரி அடிக்கிற நாளில்கூட இந்த வீட்டுக்குத் தேவை 200 × 23, அதாவது 4.6 கிலோவாட். சுவரில் தொங்குகிற பாய்லரோ 24 கிலோவாட் இருக்கும். அவ்வளவு பெரிதாக இருப்பது ஹீட்டிங்குக்காக அல்ல, ஷவருக்காக. நிமிடத்துக்கு 10 லிட்டர் தண்ணீரை 35 டிகிரி ஏற்ற 24 கிலோவாட் வேண்டும். புது இயந்திரம் வாங்கும்போது "பழையதன் அளவே வையுங்கள்" என்று சொல்வது ஏன் ஆபத்து என்பது இதில் தெரியும்.

இரண்டாவது விஷயம் இன்னும் பயனுள்ளது. இந்த ஊரில், இந்த வீட்டின் எண்ணில் ஒரு வாட் குறைத்தால் வருடத்துக்கு 60 யூனிட் சூடு மிச்சம். இனி யார் எந்தப் பொருளை விற்க வந்தாலும் அந்த 60ஆல் பெருக்கிப் பார்த்துவிடலாம். உங்கள் ஊரின் டிகிரி நாளை 24ஆல் பெருக்கி ஆயிரத்தால் வகுத்தால் உங்களுக்கான எண் வரும்.

## வழி 1: இருப்பதைச் சரியாக ஓட்டுவது

பணம் கேட்காத வழி. அதனாலேயே யாரும் வந்து விற்பதில்லை.

அறையின் சூட்டை நிர்ணயிக்கும் தெர்மோஸ்டாட்டை ஒரு டிகிரி குறைத்தால் எவ்வளவு மிச்சம்? ஆளுக்கொரு சதவீதம் சொல்வார்கள். நம் உதாரண வீட்டில் ஹீட்டிங் சுமக்கிற வித்தியாசம் சராசரி 10 டிகிரிதான். அதில் ஒன்று குறைந்தால் பத்து சதவீதத்துக்கு அருகில். சராசரி வித்தியாசம் 20, 25 டிகிரி இருக்கிற கடுங்குளிர் ஊரில் அதே ஒரு டிகிரி நான்கைந்து சதவீதம்தான். குளிர் குறைந்த ஊரில் தெர்மோஸ்டாட் பெரிய ஆயுதம், பனி உறைகிற ஊரில் சின்ன ஆயுதம்.

இதைவிடப் பலர் தொட்டுப் பார்க்காத இடம் ஒன்று உண்டு: ரேடியேட்டருக்குப் போகிற தண்ணீரின் சூடு. அறையின் தெர்மோஸ்டாட் வேறு, இது வேறு. பாய்லரிலேயே, ரேடியேட்டர் படம் போட்ட குமிழாகவோ மெனுவாகவோ இருக்கும். நிறைய வீடுகளில் 70, 75, 80 என்று பொருத்தியவர் வைத்துவிட்டுப் போனது அப்படியே கிடக்கும். கண்டென்சிங் பாய்லர் வைத்திருப்பவர்கள் இதைக் கவனிக்க வேண்டும். கேஸ் எரியும்போது உண்டாகும் நீராவியில் மொத்தச் சூட்டில் ஏறக்குறைய பத்தில் ஒரு பங்கு இருக்கிறது. திரும்பி வரும் தண்ணீர் 55 டிகிரிக்குக் கீழே இருந்தால்தான் அந்த நீராவி பாய்லருக்குள்ளேயே குளிர்ந்து நீராகி, சூட்டை விட்டுக்கொடுக்கும். 75இல் தண்ணீரை அனுப்பி 60இல் திரும்ப வாங்கினால், கண்டென்சிங் பாய்லருக்குக் காசு கொடுத்துவிட்டுச் சாதாரண பாய்லரை ஓட்டுகிறீர்கள்.

குறைத்தால் அறை சூடாகுமா என்ற பயம் நியாயம்தான். தண்ணீரின் சராசரிச் சூடு 70இலிருந்து 50 ஆனால், 20 டிகிரி அறையில் ரேடியேட்டர் தருவது ஏறத்தாழ பாதியாகிவிடும். ஆனால் வெளியே எட்டு, ஒன்பது டிகிரி இருக்கிற நாளில் வீடு கேட்பதும் பாதிதான், சீசனில் பெரும்பாலான நாட்கள் அப்படிப்பட்டவைதான். 60க்கு இறக்கி ஒரு வாரம் பாருங்கள். குளிரவில்லை என்றால் 55. உறைகிற வாரத்தில் கொஞ்சம் ஏற்றிக்கொள்ளுங்கள். வெளிச்சுவரில் ஒரு சென்சார் வைத்தால் பாய்லரே இந்த வேலையைப் பார்த்துக்கொள்ளும். உங்கள் பாய்லர் அதை ஏற்குமா என்று மட்டும் கேட்டுக்கொள்ளுங்கள். வீடு சூடேறக் கூடுதல் நேரம் ஆகும் என்பதால் காலையில் டைமரை அரை மணி முன்னால் வைக்க வேண்டியிருக்கும்.

"நாள் முழுக்க குறைந்த சூட்டில் விட்டுவைப்பதுதான் மிச்சம், அணைத்து அணைத்துப் போட்டால் செலவு கூடும்" என்று ஒரு பேச்சு உண்டு. பாய்லர் வீட்டுக்கு இது சரியில்லை. வீடு இழக்கிற சூடு உள்ளுக்கும் வெளிக்கும் உள்ள வித்தியாசத்தைப் பொறுத்தது. அணைத்திருக்கும் நேரத்தில் வீடு ஆறுவதால் அந்த வித்தியாசம் குறைகிறது, இழப்பும் குறைகிறது. திரும்பச் சூடேற்றச் செலவழிவது, இழக்காமல் விட்டதைவிட அதிகமாக இருக்க முடியாது. ஹீட் பம்ப் வீட்டுக்கு மட்டும் விதி மாறும். அதைக் கீழே பார்ப்போம்.

மேல்மாடி கொதிக்க, கீழே நடுங்குகிறது என்றால் ரேடியேட்டர்களுக்கு இடையில் தண்ணீர் சமமாகப் பிரியவில்லை. ஒவ்வொரு ரேடியேட்டரின் கீழ்முனையில் மூடியோடு இருக்கும் வால்வைத் திருகி, அருகில் இருப்பவற்றை நெருக்கி, தொலைவில் இருப்பவற்றைத் திறந்துவிட்டால் சரியாகும். பொறுமை வேண்டும், அவ்வளவுதான். ரேடியேட்டர்களுக்குத் தண்ணீரைத் தள்ளும் பழைய சுழற்சி மோட்டார் 80 வாட் எடுப்பதாக இருந்தால், சீசனில் 5,000 மணி நேரம் ஓடி 400 யூனிட் மின்சாரத்தை விழுங்கும். இன்றைய மோட்டார் அதில் ஐந்தில் ஒரு பங்கோடு நிற்கும்.

மறைவான செலவு இங்கேயும் உண்டு. புழங்காத அறைகளின் ரேடியேட்டரை முழுக்க மூடினால், வீட்டின் ஈரக்காற்று அங்கே போய்க் குளிர்ந்த சுவரில் நீராகப் படியும். இரண்டு வருடத்தில் அலமாரிக்குப் பின்னால் கரும்பூஞ்சை. மூடாமல் 15, 16 டிகிரியில் வைப்பதே நல்லது. வெந்நீர்த் தொட்டி இருக்கிற வீட்டில் தொட்டியின் சூட்டை 60க்குக் கீழே நிரந்தரமாக இறக்க வேண்டாம். லீஜியோனெல்லா என்ற நுரையீரலைத் தாக்கும் கிருமி வெதுவெதுப்பான தேங்கிய நீரில் வளரும். ரேடியேட்டர் தண்ணீரைக் குறைப்பதும் தொட்டியைக் குறைப்பதும் ஒன்றல்ல.

இந்த வழி யாருக்கு: எல்லோருக்கும். வாடகைக்கு இருப்பவர்களுக்கும், ஓரிரு வருடத்தில் வீடு மாறப்போகிறவர்களுக்கும் இதோடு நிறுத்திக்கொள்வதே சரியாக இருக்கலாம்.

## வழி 2: வீட்டை மூடுவது

ஓட்டை வாளியை வைத்துக்கொண்டு பெரிய குழாய் தேடுவதில் அர்த்தமில்லை. ஆனால் எல்லா ஓட்டையும் ஒரே அளவு அல்ல. இங்கேதான் அந்த 60 கை கொடுக்கும்.

காற்றுக் கசிவிலிருந்து ஆரம்பிக்கலாம். ஒரு கன மீட்டர் காற்றை ஒரு டிகிரி சூடாக்க 0.33 வாட் மணி ஆகும். 250 கன மீட்டர் வீட்டில் மணிக்கு ஒரு முறை முழுக் காற்றும் மாறுகிறது என்றால் டிகிரிக்கு 82 வாட் காற்றோடு போகிறது. கதவடி, ஜன்னல் ஓரம், குழாய் நுழையும் துளை, பரணுக்குப் போகும் மூடி, பயன்படுத்தாத புகைபோக்கி ஆகியவற்றை அடைத்து அதை 0.6 முறைக்குக் கொண்டு வந்தால் 33 வாட் மிச்சம். வருடத்துக்கு சுமார் 2,000 யூனிட். ஆகிற செலவு சில ரப்பர் பட்டைகளும் பசையும். ஒரு ஞாயிற்றுக்கிழமை போகும். காற்றடிக்கிற நாளில் கையின் பின்புறத்தை நனைத்துக்கொண்டு சந்துகளில் காட்டினால் கசிவு எங்கே என்று தோல் சொல்லிவிடும்.

கூரைக்கு அடியில் போடுகிற இன்சுலேஷனில் (சூடு வெளியேறாமல் தடுக்கும் போர்வை) ஒரு சூட்சுமம் இருக்கிறது. முதலில் போடும் அங்குலம்தான் பெரும்பாலான வேலையைச் செய்கிறது. 50 சதுர மீட்டர் பரண். வெறுமையாக இருந்தால் சதுர மீட்டருக்கு டிகிரிக்கு 2 வாட்டுக்கு மேல் போகும். 50 மில்லிமீட்டர் பழைய இன்சுலேஷன் இருந்தால் ஏறக்குறைய 0.7, 100 இருந்தால் 0.4, 270 போட்டால் 0.16. வெறும் பரணை மூடினால் டிகிரிக்கு நூறு வாட், அதாவது 6,000 யூனிட். 50 மில்லிமீட்டர் ஏற்கெனவே இருந்தால் மிச்சம் 1,600ஐ ஒட்டி. 100 இருந்தால் 720. மூன்று வீட்டுக்கும் வேலையின் கூலி கிட்டத்தட்ட ஒன்றே. பக்கத்து வீட்டில் "பாதி பில் போய்விட்டது" என்றால் அவர்கள் பரண் முன்பு எப்படி இருந்தது என்று கேளுங்கள்.

ஜன்னல் விற்பவர்கள்தான் அதிகம் பேசுகிறார்கள். 15 சதுர மீட்டர் ஒற்றைக் கண்ணாடி ஜன்னல்களை நல்ல இரட்டைக் கண்ணாடியாக மாற்றினால் டிகிரிக்கு ஐம்பது வாட்டுக்கு மேல் குறையும்: 3,000 யூனிட் தாண்டும். பழைய இரட்டைக் கண்ணாடியை எடுத்துவிட்டுப் புதிது போட்டால் 24 வாட், 1,440 யூனிட். ஜன்னல் விலையை அதனால் வகுத்துப் பார்த்தால் செலவு திரும்பி வருவதற்குள் அந்த ஜன்னலே பழசாகிவிடும். சட்டம் உளுத்திருந்தாலோ கண்ணாடிகளுக்கு நடுவே நீர் கோத்திருந்தாலோ மாற்றத்தான் வேண்டும், ஆனால் அதை ஹீட்டிங் மிச்சக் கணக்கில் எழுதாதீர்கள். இரவில் கனத்த திரைச்சீலை இழுத்து மூடுவது இதில் ஒரு பகுதியைச் சும்மாவே தரும். சீலை ரேடியேட்டரின் மேல் விழாமல் பார்த்துக்கொண்டால் போதும்.

சுவர் இன்சுலேஷனில் பலன் பெரிது, தலைவலியும் பெரிது. இரட்டைச் சுவருக்கு நடுவே இடைவெளி இருந்தால் துளையிட்டு நிரப்புவது ஒரு நாள் வேலை. ஒற்றைச் சுவர் வீடு என்றால் உள்ளே பலகை அடிக்க வேண்டும், அல்லது வெளியே போர்த்த வேண்டும். உள்ளே அடித்தால் ஒவ்வொரு அறையிலும் அரைச் சாண் இடம் போகும், ரேடியேட்டர், ஸ்விட்ச், அலமாரி எல்லாம் கழன்று திரும்ப மாட்டப்பட வேண்டும். பழைய சுவரைத் திறந்தால் கிணறு வெட்டப் பூதம் கிளம்பிய கதையாக ஈரம், உப்பு, உளுத்த மரம் எல்லாம் வெளியே வரும். ஈரம் உள்ள சுவரை அப்படியே மூடினால் அது உள்ளேயே இருந்து அரிக்கும். முதலில் கூரை வடிகாலையும் சுவரின் வெளிப்பூச்சையும் சரி செய்துவிட்டு, ஒரு சீசன் காய விடுவது நல்லது.

ஒரு எச்சரிக்கை. அறைக்காற்றை எடுத்து எரிகிற அடுப்போ பழைய பாய்லரோ விறகுக் கணப்போ இருந்தால் அதற்கான காற்றுத் துவாரத்தை எந்தக் காரணத்துக்காகவும் அடைக்கக் கூடாது. கார்பன் மோனாக்சைடுக்கு மணமும் இல்லை, நிறமும் இல்லை. அலாரம் ஒன்று வைத்துவிட்டு வேலையை ஆரம்பியுங்கள். குளியலறை, சமையலறை விசிறிகளும் ஓடட்டும்.

இந்த வழி யாருக்கு: வீட்டின் எண் பெரிதாக இருப்பவர்களுக்கு, பரண் வெறுமையாக இருப்பவர்களுக்கு, பத்து வருடம் அதே வீட்டில் இருக்கப் போகிறவர்களுக்கு. ஹீட் பம்ப் வைக்கும் எண்ணம் இருந்தால் அதற்கு முன்னால்.

## வழி 3: புது கண்டென்சிங் பாய்லர்

கணக்கு சின்னது. பழைய பாய்லர் 75 சதவீதம் என்றால் 12,000 யூனிட் சூட்டுக்கு 16,000 எரிக்கிறது. 90 சதவீதம் உள்ள புதிதுக்கு 13,300 போதும். மிச்சம் 2,700 யூனிட். ஏற்கெனவே 85இல் ஓடுவதை மாற்றினால் 800 யூனிட்கூட வராது. அது வழி 1இல் சும்மாவே கிடைத்துவிடும்.

விளம்பரத்தில் 107 சதவீதம் என்று போட்டிருந்தால் மலைக்க வேண்டாம். நீராவியின் சூட்டைக் கணக்கில் சேர்க்காமல் வகுத்தால் நூறைத் தாண்டும். கேஸ் பில் பல இடங்களில் அதையும் சேர்த்துத்தான் போடப்படுகிறது, அதே கணக்கில் பார்த்தால் இது 97ஐ ஒட்டி வரும். அதுவும் தண்ணீர் குளிர்ச்சியாகத் திரும்பினால்.

மறைவான செலவுகள்: வருட சர்வீஸ், பழைய குழாய்களில் படிந்த கருஞ்சேற்றைக் கழுவுவது, வடிகிற நீருக்கு ஒரு குழாய். அந்தக் குழாயை வெளிச்சுவரில் மெல்லியதாக ஓட்டிவிட்டால், உறைகிற இரவில் அடைத்துக்கொண்டு பாய்லர் நின்றுவிடும். எந்த இரவில் நிற்கும் என்று சொல்லத் தேவையில்லை.

இந்த வழி யாருக்கு: பாய்லர் இறந்துவிட்டது, குளிர் வந்துவிட்டது, மின்சாரம் கேஸைவிட நான்கு மடங்குக்கு மேல் விலை என்றால். நன்றாக ஓடுகிற பாய்லரைச் செலவு குறையும் என்று கழற்றுவதை நான் பரிந்துரைக்க மாட்டேன்.

## வழி 4: ஹீட் பம்ப்

ஃப்ரிட்ஜ் உள்ளிருந்து சூட்டை எடுத்துப் பின்புறம் தள்ளுகிறது. இது வெளிக்காற்றிலிருந்து எடுத்து வீட்டுக்குள் தள்ளுகிறது. சூட்டை உண்டாக்காமல் நகர்த்துவதால் ஒரு யூனிட் மின்சாரத்துக்கு மூன்று யூனிட் சூடு தர முடிகிறது. நம் வீட்டின் 12,000 யூனிட்டுக்கு 4,000 யூனிட் மின்சாரம். சீசன் முழுவதற்குமான சராசரி மடங்கு 4 ஆனால் 3,000. மோசமாகப் பொருத்தி 2.3 ஆனால் 5,200. ஒரே இயந்திரம், ஒரே வீடு, பில்லில் இவ்வளவு வித்தியாசம். எனவே "ஹீட் பம்ப் மிச்சமா?" என்பதற்குப் பொதுவான பதில் கிடையாது.

உங்கள் பதிலை இப்படி எடுக்கலாம். மின்சார யூனிட் விலையை எரிபொருள் யூனிட் விலையால் வகுங்கள். ஹீட் பம்பின் மடங்கை பாய்லரின் திறனால் வகுங்கள். முதல் எண் சிறிதாக இருந்தால் ஹீட் பம்ப் மலிவு. மடங்கு 3, பாய்லர் 85 சதவீதம் என்றால் எல்லை 3.5. மின்சாரம் கேஸைவிட மூன்று மடங்கு விலை உள்ள இடத்தில் லாபம். நான்கு மடங்கு உள்ள இடத்தில் நட்டம். மடங்கை நாலாக்க முடிந்தால் எல்லை 4.7க்கு ஏறும், நட்டம் லாபமாகும். ஹீட்டிங் ஆயில், எல்.பி.ஜி. வீடுகளில் ஒரு யூனிட்டின் விலை பெரும்பாலும் குழாய் கேஸைவிட அதிகம் என்பதால் எல்லையைத் தாண்டுவது சுலபம். இப்போது வெறும் மின்சார ஹீட்டரில் இருக்கிற வீட்டுக்குக் கணக்கே வேண்டாம்: மூன்றில் ஒரு பங்காகிவிடும்.

மடங்கைத் தீர்மானிப்பது பெரும்பாலும் பிராண்ட் அல்ல, தண்ணீரின் சூடு. ஒவ்வொரு டிகிரி குறைக்கும்போதும் இரண்டு சதவீதத்துக்கு மேல் மின்சாரம் குறையும். 55இல் ஓட்டுவதற்கும் 40இல் ஓட்டுவதற்கும் நடுவே பில்லில் மூன்றில் ஒரு பங்கு வரை வித்தியாசம் இருக்கிறது. 40இல் வீடு சூடாக வேண்டும் என்றால் ரேடியேட்டர் பெரிதாக இருக்க வேண்டும், அல்லது வீட்டின் எண் சிறிதாக இருக்க வேண்டும், அல்லது தரைக்கு அடியில் குழாய் ஓட வேண்டும். உங்கள் வீடு இதற்குத் தயாரா என்று அறிய ஒரு சுலபமான சோதனை: கடுங்குளிர் வாரத்தில் இப்போதுள்ள பாய்லரின் தண்ணீரை 50க்கு இறக்கி, நிறுத்தாமல் ஓட விடுங்கள். எல்லா அறையும் சூடாக இருந்தால் பெரிய மாற்றம் தேவைப்படாது. ஓர் அறை மட்டும் குளிர்ந்தால் அந்த ரேடியேட்டரை மட்டும் மாற்றலாம். எல்லாமே குளிர்ந்தால் வழி 2க்குத் திரும்புங்கள்.

அணைத்து அணைத்துப் போடுகிற விதி இங்கே மாறும் என்றேன் அல்லவா? வீடு ஆறிப் போனபின் இரண்டு மணி நேரத்தில் சூடேற்றச் சொன்னால் ஹீட் பம்ப் தண்ணீரை அதிகச் சூட்டில் அனுப்ப வேண்டும், சிலவற்றில் உள்ளிருக்கும் மின்சாரக் கம்பியும் சேர்ந்து ஓடும். மிச்சம் பிடித்ததெல்லாம் அங்கே போய்விடும். இரவில் ஒன்றிரண்டு டிகிரி இறங்க விட்டால் போதும்.

மறைவான செலவுகள் கொஞ்சம் நீளம். வெந்நீர்த் தொட்டிக்கு ஓர் அலமாரி அளவு இடம். உடனடி வெந்நீர் பாய்லரில் இருந்து வருபவர்கள் இதை மறந்துவிடுகிறார்கள். பெரிய ரேடியேட்டர்கள். சில வீடுகளில் தடித்த குழாய்கள், மின் இணைப்பின் திறனைக் கூட்டுவது. வெளியே வைக்கும் பெட்டி பக்கத்து வீட்டுப் படுக்கையறை ஜன்னலுக்கு நேரே இருந்தால் உறவு கெடும். பூஜ்யத்தைச் சுற்றிய ஈரக்குளிரில் பெட்டியில் பனி படியும்; அதை உருக்க இயந்திரம் அவ்வப்போது சில நிமிடம் திருப்பி ஓடும், உருகிய நீர் நடைபாதையில் வழிந்து உறையாமல் வழி செய்ய வேண்டும். தேவைக்கு மேல் பெரிய இயந்திரம் வாங்கினால் இளங்குளிரில் அது ஓடி ஓடி நிற்கும், மடங்கும் ஆயுளும் குறையும்.

எதிர்பாராத வரவும் ஒன்று இருக்கிறது. அடுப்பையும் மின்சாரத்துக்கு மாற்றிக் கேஸ் இணைப்பையே துண்டித்தால், எரித்தாலும் எரிக்காவிட்டாலும் கட்டுகிற நிலையான கட்டணம் நின்றுவிடும். இரவு நேரச் சலுகை மின்கட்டணம் இருக்கிற இடங்களில் தொட்டியை அப்போது சூடாக்கிக்கொள்ளலாம்.

இந்த வழி யாருக்கு: ஆயில், எல்.பி.ஜி., மின்சார ஹீட்டர் வீடுகளுக்கு முதலில். குழாய் கேஸ் வீட்டில் விலை விகிதம் எல்லைக்குள் இருந்து, 50 டிகிரித் தண்ணீரில் வீடு சூடாகும் என்றால்.

## மற்ற இரண்டு

நேரடி மின்சார ஹீட்டர் நூறு சதவீதத் திறன் என்று விற்கப்படுகிறது, உண்மைதான். ஓர் யூனிட்டுக்கு ஓர் யூனிட். எந்த மாடலிலும், எத்தனை விலையிலும் அதே ஓர் யூனிட்தான். வருடத்துக்கு இரண்டாயிரம் யூனிட் மட்டும் கேட்கிற சின்ன, நன்றாக மூடிய வீட்டில் வேறு எதையும் பொருத்தும் செலவு திரும்பாது, அங்கே இது போதும். பெல்லட் பாய்லர் உலர்ந்த கிடங்கும், சாம்பல் அள்ளப் பொறுமையும், அருகிலேயே பெல்லட் விநியோகமும் இருப்பவர்களுக்கு.

## ஒரே பார்வையில்

உதாரண வீடு: டிகிரிக்கு 200 வாட், வருடத்துக்கு 12,000 யூனிட் சூடு, 85 சதவீத கேஸ் பாய்லர்.

| | செட்டிங் | மூடுவது | புது பாய்லர் | ஹீட் பம்ப் |
|---|---|---|---|---|
| வருட மிச்சம் | ஒரு டிகிரி குறைத்தால் பத்தில் ஒரு பங்கு. தண்ணீர்ச் சூட்டில் மேலும் சில சதவீதம் | கசிவு 2,000 யூனிட். பரண் 700 முதல் 6,000 | 800 (பழையது 75% என்றால் 2,700) | 14,100 யூனிட் கேஸுக்குப் பதில் 3,000 முதல் 5,200 யூனிட் மின்சாரம் |
| முதல் செலவு | இல்லை | கசிவு: சொற்பம், பரண்: நடுத்தரம், சுவர், ஜன்னல்: அதிகம் | நடுத்தரம் | அதிகம் |
| மறைவான செலவு | பூஞ்சை | ஈரம், காற்றோட்டம், பூச்சு வேலை | குழாய் கழுவுதல், வடிகுழாய் | தொட்டி இடம், ரேடியேட்டர், சத்தம் |
| வீடு மாறினால் | நட்டமில்லை | வீட்டோடு போகும் | வீட்டோடு போகும் | வீட்டோடு போகும் |
| எதைப் பொறுத்தது | உங்கள் கை | வீட்டின் எண் | பழைய பாய்லரின் திறன் | விலை விகிதம், தண்ணீர்ச் சூடு |

மிச்சங்களைக் கூட்டிப் பார்த்து ஏமாற வேண்டாம். 20 சதவீதம் ஒன்றும் 15 சதவீதம் இன்னொன்றும் சேர்ந்தால் 35 அல்ல, 32. மூடிய வீட்டில் புது இயந்திரம் மிச்சப்படுத்த மீதி இருப்பதே குறைவு. அதே காரணத்தால் வரிசையும் முக்கியம். முதலில் ஹீட் பம்ப் வைத்துவிட்டு மூன்று வருடம் கழித்துச் சுவரைப் போர்த்தினால், தேவைக்கு மேல் பெரிய இயந்திரத்துக்குக் காசு கொடுத்திருப்பீர்கள்.

பாய்லர் கிழடாகிவிட்டது, ஆனால் இன்னும் ஓடுகிறது என்கிற நடுவாந்தர வீடுகள்தான் அதிகம். அவர்களுக்கு நான் சொல்வது: இந்தக் குளிர்காலத்தில் மீட்டரைப் படித்து எண்ணை எடுங்கள், 50 டிகிரி சோதனையைச் செய்யுங்கள், கசிவை அடையுங்கள். கோடையில், யாரும் அவசரப்படுத்தாத நேரத்தில், மூன்று பேரிடம் விலை கேளுங்கள். கேட்கும்போது "எத்தனை கிலோவாட் வைப்பீர்கள், எந்த அறைக்கு எவ்வளவு என்று கணக்குப் போட்டீர்களா, மைனஸ் 3இல் தண்ணீர் எத்தனை டிகிரியில் போகும்?" என்ற மூன்றையும் எழுத்தில் வாங்குங்கள். அறை அறையாக அளக்காமல், வாசலில் நின்றபடியே அளவு சொல்பவரை அங்கிருந்தே அனுப்பிவிடலாம்.